ஊம்ரே காத்திருந்த மாதங்கள்

மணல்தீவு
புல்முளை மாதம், தேய்பிறை

தம்பி தெவிமுக்கு,

அக்கா ஓரேல் எழுதுவது. நானும் என் ஆடும் சௌகரியம். நீயும் உன் மனைவி யூனாவும் அங்கே ஒருவரை ஒருவர் கடித்துக் குதறாமல் இருக்கிறீர்களா? அப்பாவின் இருமல் எப்படி இருக்கிறது? அதை முதலில் எழுது, மற்றதெல்லாம் பிறகு.

நான் வந்து இறங்கிய அன்றைக்கே ஊம்ரே கரையோரம் வந்துவிட்டாள். சௌக்கியமா என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. "மூச்சு எங்க?" என்றாள். அப்பா ஊதிக் கட்டிக் கொடுத்த மீனின் காற்றுப்பையை அவள் மூக்குக்கு நேரே பிடித்து முடிச்சை அவிழ்த்தேன். அந்தப் பெரிய சாம்பல் முகத்தைச் சுளித்துக்கொண்டு, "வெங்காயம்! மறுபடியும் பச்ச வெங்காயம்! உங்கப்பனுக்கு எத்தன தடவ சொன்னாலும் மண்டையில ஏறாதா?" என்று தலையை உதறினாள். மீசையில் இருந்த தண்ணீரெல்லாம் என் மேல். அப்புறம் பை காலியாகும்வரை மூக்கை எடுக்கவே இல்லை. முப்பது வருடத்துக்கு முன்பு அப்பா கடலுக்குள் முங்கி இவளோடு மூச்சு மாற்றி உடன்படிக்கை செய்துகொண்டார், அந்தப் பாசம் இன்னும் போகவில்லை.

இந்த வருடம் ஊம்ரேயின் மெவார்க் கூட்டத்தில் சினையாக இருப்பவர்கள் அதிகம். கன்றுகள் வளரும்வரை ஆற்றில் சுண்ணாம்புத் தண்ணீர் விடக்கூடாது, கடற்புல்வெளியில் இழுவலை போடக்கூடாது என்று ஹால்தேனுக்கு நினைவுபடுத்து. மனிதர் அவைத்தலைவர் ஆன பிறகும் சுண்ணாம்புக் காளவாய் முதலாளியாகத்தான் யோசிக்கிறார். நம் பக்கத்து வேலை அவ்வளவுதானே? கப்பல்வழியில் மண்டுகிற புல்லை மேய்ந்து வழியைத் திறந்து வைப்பது அவர்கள் வேலை. அதில் ஒரு வருடமும் அவர்கள் குறை வைத்ததில்லை.

இன்னொன்று. அப்பாவுக்கு முடியாமல் போனால் அன்றைக்கே பிசோவின் படகை அனுப்புவேன் என்று நீ எனக்கு வாக்குக் கொடுத்திருக்கிறாய். அவரும் ஊம்ரேயும் மூச்சு விடுகிறவரைதான் உடன்படிக்கை, அது ஊரின் கவலை. எனக்கு அவர் அப்பா. நான் பக்கத்தில் இல்லாமல் அவர் போய்விடக் கூடாது.

உங்கள் கூரைமேல் இதமான காற்றே வீசட்டும்.
அக்கா ஓரேல்


கெம்போர்
கன்று மாதம், வளர்பிறை

அன்புள்ள அக்காவுக்கு,

தெவிம் எழுதுவது. உன் ஆட்டின் நலம் கேட்டு இங்கே எல்லோருக்கும் மகிழ்ச்சி. யூனாவும் நானும் வாரத்தில் பாதி நாள் சமாதானமாகத்தான் இருக்கிறோம்.

அப்பாவைப் பற்றி முதலில் எழுதச் சொன்னாய். பொய் சொல்லவில்லை, இருமல் கூடியிருக்கிறது. கட்டிலை ஜன்னலோரம் நகர்த்திப் போட்டிருக்கிறேன், கடல் தெரிகிறது. இந்த மாதப் பையை ஊதும்போது பாதியில் நிறுத்தி நிறுத்தி ஊதினார். நான் உதவட்டுமா என்று விளையாட்டாகக் கேட்டேன். "போடா! உன் மூச்ச மோந்தான்னா அவ வாந்தி எடுப்பா" என்றார். வெங்காயத்தை மட்டும் விடவில்லை. உன் கடிதத்தைப் படித்துக் காட்டியதும், "அந்தக் கழுதைக்கு எழுது, ஊம்ரே திங்கிற புல்லு நாத்தத்த முப்பது வருஷமா நான் பொறுத்துக்கலையான்னு" என்று சிரித்தார். சிரித்து முடிக்குமுன் இருமல் வந்துவிட்டது.

ஹால்தேன் வந்திருந்தார். வாசலில் நின்றபடியே, "பெரியவர் இன்னும் எத்தன நாளைக்கு?" என்று மீன் விலை கேட்கிற மாதிரி கேட்டார். இருவரும் மூச்சு விடுகிறவரை உடன்படிக்கை என்றால், அதற்குப் பிறகு என்ன என்று அவையில் யாருக்கும் தெரியவில்லையாம். இதற்கு முன் இப்படி ஒரு சாவு நடந்ததில்லையே. அப்பா உள்ளே இருந்தே குரல் கொடுத்தார்: "அதெல்லாம் ஊம்ரேக்குத் தெரியும். அவகிட்டயே கேளுங்க."

"கேட்டா, உங்களுக்கு முடியலன்னு அவங்களுக்குத் தெரிஞ்சு போயிரும். கப்பல் மாசத்துக்கு முன்னாடியே மூட்டையக் கட்டிட்டா யார் வழிய சுத்தம் பண்றது?" என்றார் ஹால்தேன். அப்பா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

நீ பதறாதே. தேவைப்பட்டால் கட்டாயம் படகு அனுப்புவேன்.

உன் குடிசைக்குள் மணல் ஏறாதிருக்கட்டும்.
தம்பி தெவிம்


மணல்தீவு
கன்று மாதம், முழுநிலவு

தெவிமுக்கு,

நான் நலம். ஆடு என் நல்ல பாவாடையைத் தின்றுவிட்டது, அதுவும் நலம்.

கன்றுகள் வரத் தொடங்கிவிட்டன. ஊம்ரேக்கும் ஒன்று, பெண். பிறந்தவுடன் அதை மூக்கால் தூக்கி மேலே கொண்டுவந்து முதல் மூச்சு எடுக்க வைத்தார்கள். எல்லோரும் சுற்றி நின்று தங்கள் மூச்சையும் அடக்கிக்கொண்டு காத்திருந்தார்கள். அது தும்மியதும் ஒரே கும்மாளம். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அழுகை வந்துவிடுகிறது.

பையைத் திறந்து காட்டினேன். இந்த முறை அவள் கேலி செய்யவில்லை. "மெலிஞ்சு போயிட்டான்" என்றாள். "ஆத்து வாய் வரைக்கும் நான் வரட்டுமா? அவனத் தூக்கிட்டு வந்து தண்ணியோரம் வைக்கச் சொல்லு. கொஞ்ச நேரம் பேசிட்டிருக்கோம்." கன்றைப் பெற்ற மறுநாள் இதைச் சொல்கிறாள்.

நீ நேராக எழுது. நான் வரட்டுமா, வேண்டாமா? ஊருக்கும் மெவார்களுக்கும் நடுவில் பேசுகிற சொல்காரி கன்று மாதத்தில் தீவைவிட்டு நகரக் கூடாது என்று அவை சொல்லும். அவை சொல்கிறதை நான் பார்த்துக்கொள்கிறேன். ஒரு வார்த்தை எழுது, அது போதும்.

சீக்கிரம். பிசோ திரும்பும் படகிலேயே.
ஓரேல்


கெம்போர்
சிப்பி மாதம், வளர்பிறை

அன்புள்ள அக்காவுக்கு,

தெவிம் பணிவோடு எழுதுவது. நீ நலமாக இருக்கிறாய் என்று நம்புகிறேன். பதில் தாமதமானதற்குக் கோபப்படாதே. மேற்குக் கூரையில் ஓடு சரிந்துவிட்டது. ஓடு மாற்றப் பார்த்தால் சட்டமும் உளுத்திருந்தது. ஆள் கிடைக்கவில்லை, கிடைத்த ஆள் ஏணியிலிருந்து விழுந்து காலை உடைத்துக்கொண்டான். யூனாவுக்குக் கொஞ்ச நாளாகச் சாப்பாடு ஒத்துக்கொள்ளவில்லை, நல்ல செய்திதான் என்று மருத்துவச்சி சொல்கிறாள். புதுச் சட்டத்துக்கு மரம் எங்கே வாங்குவது என்று அலைந்ததில் நாட்கள் போய்விட்டன.

அப்பா நலம். இருமல் நின்றுவிட்டது. இப்போதெல்லாம் பெரும்பாலும் அமைதியாகத்தான் இருக்கிறார்.

பை அனுப்பியிருக்கிறேன். வெங்காயம் சாப்பிட வேண்டாம் என்று மருத்துவச்சி சொன்னதால் வாசம் சற்று வேறாக இருக்கலாம், ஊம்ரேயிடம் சொல். ஆற்றுவாய்க்கு அவள் வர வேண்டாம், கன்றோடு அலைச்சல் எதற்கு? நீயும் வர வேண்டாம். சொல்காரி இடத்தை விட்டு எழுந்தால் மெவார்கள் என்னவோ ஏதோ என்று நினைப்பார்கள் என்று ஹால்தேன் சொல்கிறார், அதுவும் நியாயமாகத்தான் படுகிறது.

பிசோவிடம் எதுவும் கேட்டுக்கொண்டிருக்காதே. அவன் ஒன்றைப் பத்தாக்குகிறவன்.

உன் குடிசையை அலை தொடாதிருக்கட்டும்.
தம்பி தெவிம்


மணல்தீவு
சிப்பி மாதம், முழுநிலவு

தெவிமுக்கு,

நான் நலம். இருமல் நின்றதைப் படித்ததும் ஆட்டைக் கட்டிக்கொண்டு ஆடினேன், அது மிரண்டு என்னை முட்டிவிட்டது. யூனாவுக்கு என் முத்தம். நல்ல செய்தியை ஓட்டுக்கும் சட்டத்துக்கும் நடுவில் வைத்து எழுதுகிற ஒரே ஆள் நீதான். என்ன மருந்து கொடுத்தாள் மருத்துவச்சி? பெயரை எழுது.

ஆனால் ஊம்ரே சரியாக இல்லை. பையை வெகுநேரம் மோந்தாள். அப்படியே தண்ணீருக்குள் போய்விட்டாள். அன்று மாலை திரும்பி வந்து, "எங்கிட்ட சொல்ல வேண்டியது ஏதாவது இருக்கா?" என்று கேட்டாள். இல்லையே, அப்பாவுக்குத் தேவலை என்றேன். சரி என்றாள். மறுநாளும் வந்து அதையே கேட்டாள். தினமும் கேட்கிறாள். வாயில் புல்லை வைத்துக்கொண்டு மெல்லாமல் என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். என் அப்பாவின் நலத்துக்கு அவள் முன் நான்தான் சாட்சி, நீ எழுதுவதுதான் என் சாட்சியம். அதை நினைவில் வை.

இன்னொரு விஷயமும் எனக்குப் பிடிக்கவில்லை. வடக்குப் பக்கம் கடற்புல் பட்டை பட்டையாகப் பிய்ந்து கிடக்கிறது, வெறும் சேறு தெரிகிறது. இழுவலை போன தடம். யாருடைய படகு?

அப்பாவிடம் ஒரு வரி எழுதி வாங்கி அனுப்பு. கை நடுங்கினாலும் பரவாயில்லை. கழுதை என்று ஒரு சொல் எழுதினால் போதும்.

உங்கள் விளக்கில் எண்ணெய் குறையாதிருக்கட்டும்.
அக்கா ஓரேல்


கெம்போர்
சிப்பி மாதம், தேய்பிறை

அக்காவுக்கு,

எல்லோரும் நலம். அப்பாவால் பேனா பிடிக்க முடியவில்லை, மன்னித்துக்கொள். மருந்தின் பெயர் எனக்குத் தெரியாது, ஏதோ வேர்.

இழுவலை போட்டது அயலூர்ப் படகுகளாக இருக்கும். அவை விசாரிக்கும் என்று ஹால்தேன் சொன்னார்.

பை இதோடு இருக்கிறது. ஊம்ரேயிடம் நீ எதுவும் கூடுதலாகச் சொல்லாதே, குறைத்தும் சொல்லாதே. அடுத்த மாதம் கப்பல்கள் உள்ளே வந்துவிடும். வந்ததும் நானே புறப்பட்டு அங்கே வருகிறேன். நேரில் பேசிக்கொள்வோம், அக்கா. அதுவரை பொறுத்துக்கொள்.

தெவிம்


மணல்தீவு
கப்பல் மாதம், முதல் பிறை

தெவிம்,

அப்பா செத்துவிட்டார். இதை நீ எனக்கு எழுதியிருக்க வேண்டும். நான் உனக்கு எழுதிக்கொண்டிருக்கிறேன்.

பிசோவைச் சந்தேகப்படாதே, அவன் வாயைத் திறக்கவில்லை. நேற்றுக் காலை உன் பையைத் திறந்தேன். ஊம்ரே மூக்கைக்கூட நீட்டவில்லை. "கட்டு, கட்டு. பாவம், அந்தப் பையன் எத்தன தடவதான் ஊதுவான்?" என்றாள்.

எனக்குப் புரியவில்லை. எந்தப் பையன் என்றேன்.

"உன் தம்பிதான். போன மாசத்துலேருந்து அவன் மூச்சுதான் வருது. பயந்த மூச்சு, புளிச்ச வாடை. உங்கப்பன் பயந்ததே இல்ல."

அப்போதே ஏன் சொல்லவில்லை என்று கத்தினேன். அவள் என்னை ஆச்சரியமாகப் பார்த்தாள். "நானா சொல்லணும்? சாவு உங்க வீட்டுல. நீங்க கூப்பிடுவீங்கன்னு காத்துட்டிருந்தேன். மனுசங்களுக்குத் துக்கம் மெதுவா வரும் போல, அடக்கம் பண்ண நாளாகும் போலன்னு நெனச்சேன். அதுக்குள்ள கெளம்புனா நல்லாருக்காதேன்னு வழியையும் மேஞ்சு சுத்தமா வெச்சிருக்கோம்."

எல்லாவற்றையும் தெரிந்துகொண்டே இருந்திருக்கிறாள், தெவிம். நீ எதற்குப் பயந்து மறைத்தாயோ அது நடக்கவே இல்லை. மெவார் வழக்கப்படி, மூச்சு மாற்றிக்கொண்ட மூச்சுக்காரன் செத்தால், மறுபக்கத்து ஆள் வந்து உடம்பைக் கழுவி, செத்தவன் வாயோடு வாய் வைத்து, தான் கொடுத்த மூச்சைத் திரும்ப எடுத்துக்கொள்வாளாம். அதை அங்கேயே வாரிசின் வாயில் ஊதிவிட்டால் உடன்படிக்கை தொடரும். அவ்வளவுதான். "இதக்கூடவா சொல்லிக் குடுக்கணும்? செத்தவங்களக் கழுவ ஆளக் கூப்பிட மாட்டாங்களா உங்க ஊர்ல?" என்று கேட்டாள்.

புல்வெளித் தடத்தையும் காட்டினாள். "அயலூர்ப் படகு" என்று நீ எழுதியதைச் சொன்னேன். ஒரு கிழிந்த வலைத்துண்டை என் காலடியில் போட்டாள். கெம்போர் முடிச்சு. அப்பா செத்ததும் வாக்கும் செத்தது என்று வலையை இறக்கிவிட்டீர்கள். ஆனால் அவர்கள் மட்டும் அவர் உயிரோடு இருப்பதாக நம்பி வழியைச் சுத்தம் செய்ய வேண்டும். வெட்கமாக இருக்கிறது.

இன்னும் வழி இருக்கிறது, கவனமாகப் படி. எலும்பில் மூச்சு மழைவரை தங்குமாம். அவரைத் தோண்டி எடு. துணியில் சுற்றி ஆற்றுவாய்க்குக் கொண்டு வா. நான் அங்கே இருப்பேன், ஊம்ரேயும் இருப்பாள். மழைக்கு இன்னும் நாள் இருக்கிறது. அவையிடம் கேட்காதே, கொண்டு வா.

நான் இன்னும் என் அப்பாவுக்காக அழவில்லை. கோபம் முடிந்தால்தான் அழுகை வரும் போலிருக்கிறது.

ஓரேல்


கெம்போர்
கப்பல் மாதம், வளர்பிறை

அக்கா,

எப்படித் தொடங்குவது என்று தெரியவில்லை.

கொண்டுவர எதுவும் இல்லை, அக்கா.

கன்று மாதம் தேய்பிறையில், விடிந்து கொஞ்ச நேரத்தில் போனார். கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார். "ஊம்ரேயக் கூப்பிடு, ஊம்ரேயக் கூப்பிடு" என்றார். உன்னைக் கூப்பிடு என்றுகூடச் சொல்லவில்லை. பிதற்றுகிறார் என்று நினைத்து, "சரிப்பா, கூப்பிடுறேன், தூங்குங்க" என்றேன். அவர் தூங்கவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டே போய்விட்டார்.

உனக்குப் படகு அனுப்பத்தான் எழுந்தேன். வாசலில் ஹால்தேன் நின்றார். "சொல்காரி அழுதுக்கிட்டே படகேறுனா அவங்களுக்குப் புரியாதா? கப்பல் வர்ற வரைக்கும் பொறு. ஒரு மாசந்தானே" என்றார். அடக்கம் செய்தால் ஊர் கூடும், பறை கேட்கும், கடலில் கேட்டுவிடும். காளவாய் எப்போதும் புகைந்துகொண்டுதான் இருக்கிறது, ஒருவரும் கவனிக்க மாட்டார்கள் என்றார். நான்தான் அவரைத் தூக்கிக்கொண்டு போனேன். எடையே இல்லை. சுண்ணாம்போடு சுண்ணாம்பாகிவிட்டார். எது அவர், எது சிப்பி என்று இனி யாராலும் பிரிக்க முடியாது.

ஊர் பிழைக்கட்டும் என்றுதான் செய்தேன். அந்த நேரத்தில் அது சரியாகத்தான் இருந்தது. நீ இங்கே இருந்திருந்தால் விட்டிருக்க மாட்டாய் என்பதும் தெரியும். அதனால்தான் நீ வராமல் பார்த்துக்கொண்டேன்.

அவள் என்ன கேட்டாலும் செய்கிறேன். வேறு வழி இருக்கிறதா என்று கேள், அக்கா. ஊருக்காக இல்லை, எனக்காகக் கேள்.

தெவிம்


மணல்தீவு
கப்பல் மாதம், முழுநிலவு

தெவிம்,

உன் கடிதத்தை மூன்று முறை கிழிக்கப் போனேன். கிழிக்காமல் கரைக்குப் போய் ஊம்ரேயிடம் முழுவதும் சொன்னேன், காளவாய் உட்பட. மெவார்கள் ஒரு நாள் முழுக்க மேயவில்லை. கன்றுகளைக்கூட விளையாட விடவில்லை.

மறுநாள் அவள் வந்தாள். வேறு வழி ஒன்று இருக்கிறது.

நீ வர வேண்டும், நீ மட்டும். ஆற்றுவாய் மணல்மேட்டில் நின்று, செய்ததை உன் வாயால் அவளிடம் சொல்ல வேண்டும். பிறகு அவளோடு தண்ணீருக்கடியில் போய் ஒரு மூச்சு நேரம் இருக்க வேண்டும், அப்பா இருந்த மாதிரி. பழைய உடன்படிக்கை செத்துவிட்டது, இது புதிது. "அவன் மூச்ச எனக்குத் தெரியும். பயந்த மூச்சா இருந்தாலும் பரவால்ல, பொய்ப் பையில அடைக்காம நேரா விடட்டும்" என்றாள். அமாவாசைவரை காத்திருப்பாள். அதன் பிறகு மழை, கன்றுகளோடு ஆழ்கடலைக் கடந்து இங்கிருந்து போக முடியாது.

நான் முங்குகிறேன், நானும் அவர் பிள்ளைதானே என்று கேட்டுப் பார்த்தேன். அவள் மூக்கால் என் முழங்காலைத் தட்டினாள். "உனக்கும் எனக்கும் என்ன சண்ட? சண்டையே போடாதவகூட யாராவது சமாதானம் பேசுவாங்களா? தப்பு பண்ணவன் வரணும்."

வா, தெவிம். நீ வந்தால் முதலில் அறைவேன், வாங்கிக்கொள். அப்புறம் கிளிஞ்சல் கஞ்சி வைத்துத் தருகிறேன், இரண்டு பேரும் உட்கார்ந்து அப்பாவுக்காக அழுவோம். உன்னைத் தவிர எனக்கு இனி யார் இருக்கிறார்கள்? ஊருக்கும் உன்னைத் தவிர யாருமில்லை. ஒரு மூச்சு நேரம், அவ்வளவுதான் கேட்கிறாள்.

ஆற்றுவாயில் தினமும் விடியலில் நிற்பேன்.
அக்கா


கெம்போர்
கப்பல் மாதம், தேய்பிறை

மதிப்புக்குரிய அக்காவுக்கு,

நலம். நீயும் நலமாக இருக்க வேண்டும்.

நான் புறப்பட்டேன், படகுத்துறை வரைக்கும் வந்தேன். அவை என்னைப் போக அனுமதிக்கவில்லை. "தண்ணிக்குள்ள கூட்டிட்டுப் போனா திரும்ப விடுவாளா? மூச்சுக்காரன எரிச்சவன சும்மா விடுற அளவுக்கு அவ என்ன பைத்தியமா?" என்று ஹால்தேன் எல்லோர் முன்னாலும் கேட்டார். யூனா என் சட்டையைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. அவள் வயிற்றில் எங்கள் பிள்ளை இருக்கிறது. எனக்கு நீச்சலும் அவ்வளவாக வராது, உனக்குத் தெரியும்.

அதற்குப் பதிலாக அவை முறையான உடன்படிக்கை ஒன்றை எழுதியிருக்கிறது. இழுவலை, சுண்ணாம்புத் தண்ணீர் எல்லாம் அதில் இருக்கிறது, பழையதைவிடக் கடுமையாகவே. ஊர்ப் பெரியவர்கள் அத்தனை பேரும் கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள், நானும் போட்டிருக்கிறேன். ஒருவர் மூச்சை நம்புவதைவிட இது நிலையானது இல்லையா? ஊம்ரேக்கு எடுத்துச் சொல். நீ சொன்னால் கேட்பாள்.

உன் வாசல் என்றும் காய்ந்திருக்கட்டும்.
தெவிம்


ஆற்றுவாய், மணல்மேடு
மழைமுன் மாதம், அமாவாசைக்கு மறுநாள்

தெவிமுக்கு,

போய்விட்டார்கள்.

உங்கள் தாளை அவளுக்கு ஒரு வரி விடாமல் படித்துக் காட்டினேன். "நல்லாத்தான் எழுதியிருக்காங்க" என்றாள். "இதுல யாரோட மூச்சு இருக்கு?" எல்லோருடையதும் என்றேன். "எல்லாரும்னா, நாளைக்கு யார் சாகக் கூடாது? யாருக்கு ஒடம்பு சரியில்லன்னு நான் கேட்டுட்டிருப்பேன்?"

நேற்று பொழுது சாய்கிறவரை அவள் ஆற்றை நோக்கியே முகத்தை வைத்துக்கொண்டிருந்தாள். ஒவ்வொரு படகின் துடுப்புச் சத்தத்துக்கும் காதை நிமிர்த்தினாள். "நெசமாவே வரலயா?" என்று கடைசியாக ஒரு முறை கேட்டாள். உனக்காகக் காரணம் சொல்லத் தொடங்கினேன். பிள்ளை, மனைவி, நீச்சல். பாதியிலேயே நிறுத்திவிட்டேன், எனக்கே காது கூசியது.

அப்புறம் என்னைப் பக்கத்தில் வரச் சொன்னாள். முப்பது வருடத்துக்கு முன் அப்பா கொடுத்த மூச்சு அவளிடம் இருக்கிறதல்லவா, அதை ஆழ்கடலுக்கு எடுத்துப் போக அவளுக்கு உரிமை இல்லையாம். என் முகத்துக்கு நேரே மூக்கை வைத்து மெதுவாக விட்டாள். இளவயது அப்பா, தெவிம். இருமல் இல்லாத அப்பா. நீ பிறப்பதற்கு முன் என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு நடந்தவரின் வாசம். நான் மணலில் உட்கார்ந்து ஊர் கேட்க ஒப்பாரி வைத்தேன். அத்தனை மெவார்களும் தலையை வெளியே வைத்துக்கொண்டு என் அழுகை முடிகிறவரை நின்றார்கள். நம் ஊரில் அவருக்கு நடக்காத சாவு இங்கே நடந்தது.

கன்றுகளை நடுவில் விட்டு, தெற்கே போனார்கள். நானும் கரையோரமாகத் தெற்கே போகிறேன். ஆட்டைப் பிசோவிடம் கொடுத்துவிட்டேன். யூனாவின் பிள்ளை நல்லபடியாகப் பிறக்கட்டும். அதனிடம் அதன் தாத்தாவைப் பற்றி நீயே சொல்லிக்கொள்.

ஓரேல்


கெம்போர்
புல்முளை மாதம், வளர்பிறை

அக்காவுக்கு,

தெவிம் எழுதுவது. தெற்கே போகிற உப்புப் படகு ஒன்றில் கொடுத்தனுப்புகிறேன். உன் கைக்கு வருமா தெரியாது. நீ எங்கே இருந்தாலும் உடம்பு நன்றாக இருக்க வேண்டும். யூனா நலம். மகள் பிறந்திருக்கிறாள், அதற்குள் உன்னைப் போலவே கத்துகிறாள்.

ஊர் நலமாக இல்லை. மெவார்கள் போன மறுவாரமே எல்லாப் படகுகளும் புல்வெளிக்குப் போயின. முதல் மாதம் மீன் கொட்டியது, ஹால்தேன் விருந்து வைத்தார். இப்போது வலையில் சேறுதான் வருகிறது. கப்பல்வழி முழுக்கப் புல் மண்டிவிட்டது. ஒரு கப்பல் சிக்கி, அதை இழுக்கப் போன படகும் சிக்கிக்கொண்டது. ஆட்களை வைத்து அரிவாளால் அறுத்துப் பார்க்கிறார்கள், அறுத்த இடத்தில் அடுத்த வாரமே வளர்ந்து நிற்கிறது. காளவாயில் வேலை இல்லை. ஜனங்கள் வண்டி கட்டிக்கொண்டு உள்நாட்டுக்குக் கிளம்புகிறார்கள். என்னை யாரும் திட்டுவதில்லை. திட்டினால் தேவலை என்று இருக்கிறது.

மகளின் பெயர் கேட்டார்கள், இன்னும் வைக்கவில்லை.

இன்று காலை நான் மட்டும் ஆற்றுவாய்க்குப் போனேன். மணல்மேட்டில் நின்று, செய்ததை எல்லாம் வாய்விட்டுச் சொன்னேன். கேட்க ஒருவரும் இல்லை. பிறகு கழுத்தளவு இறங்கி, முங்கி, ஒரு மூச்சு நேரம் தண்ணீருக்கடியில் இருந்து பார்த்தேன்.

முடிந்தது, அக்கா. அவ்வளவு கஷ்டமாக இல்லை.

தெவிம்